சத்தம் நின்ற இடங்கள்

எங்கள் வீட்டின் நடுவில் ஒரு செங்கல் சுவர் இருந்தது. நைனாவும் பெரியப்பாவும் கிணற்று முறைக்காகச் சண்டை போட்டு எழுப்பிய சுவர். வல்லம் போகிற வழியில் இருந்த எங்கள் நிலத்துக்கு ஒரே கிணறு, ஒரே மோட்டார். கரண்ட் வருகிற நேரத்தில் யார் தண்ணீர் பாய்ச்சுவது என்று ஆரம்பித்த பேச்சு, கடைசியில் பேச்சே இல்லாமல் போனது. கொத்தனார் மட்டும் சுவரை ஓடு வரைக்கும் ஏற்றாமல் மேலே ஒரு சாண் விட்டுவிட்டார். அண்ணனும் தம்பியும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

"அந்தப் பக்கம் ஒரு வார்த்த போச்சுன்னா நீ உங்கம்மா வூட்டுக்கே போயிடு" என்று நைனா அம்மாவிடம் சொல்லிவிட்டார். பெரியப்பாவும் பெரியம்மாவிடம் அதையேதான் சொன்னாராம். இருவரும் ஒத்துப்போன கடைசி விஷயம் அதுதான். வீட்டுக்கு ஒரு செல்போன் இருந்தது, அதுவும் ஆண்களின் சட்டைப் பையில். தன் வீட்டுப் பெண்கள் வாயைத் திறக்க மாட்டார்கள் என்று நைனா டீக்கடையில் பெருமையடித்துக்கொள்வார்.

விதைப்புக்கு முன்னால் இரண்டு பக்கமும் விதைக்கான வேர்க்கடலையை, எங்கள் பேச்சில் மல்லாட்டையை, உடைப்பார்கள். உள்ளே பருப்பு நசுங்கிவிடக் கூடாது என்பதால், ஒவ்வொரு காயாகத் தரையில் வைத்துச் சின்னக் கல்லால் தட்ட வேண்டும். அம்மா சுவரோரமாக உட்கார்ந்து தட்டுவாள். அந்தப் பக்கம் பெரியம்மா தட்டுவது மேலே இருந்த சந்து வழியாகக் கேட்கும். தட்டுகிற சத்தத்தில் ஒன்றும் இல்லை. அது நின்ற இடங்களில்தான் அவர்கள் பேசிக்கொண்டார்கள்.

எனக்கு யாரும் சொல்லித்தரவில்லை. ஒருநாள் நானும் ஒரு கல்லை எடுத்துத் தட்டப்போனபோது அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள். "நீ ஒடைக்காத, எங்களுக்குக் கொழம்பிப்போவும்" என்றாள். அந்த 'எங்களுக்கு' யார் யார் என்று அப்புறம் காது கொடுத்துத்தான் கண்டுபிடித்தேன். ஒரு மூச்சு நேரம் நின்றால், இருக்கியா என்று அர்த்தம். எதிர்ப்பக்கமும் அப்படியே நின்று தொடங்கினால், இருக்கிறேன். ஒரு சொம்புத் தண்ணீர் குடிக்கிற நேரம் நின்றால், மனசு சரியில்லை. அப்படி ஒருத்தி நின்றால் மற்றவளும் தட்டாமல் கூடவே இருப்பாள். பிள்ளையில்லாத பெரியம்மா அப்படி அடிக்கடி நிற்பாள். சின்னதாக அடுத்தடுத்து இருமுறை நின்றால், ஆள் வந்தாச்சு. அதன்பிறகு இருவரும் இடைவெளியே விடாமல் தட்டுவார்கள். "இன்னிக்குக் கை நல்லா ஓடுது" என்று நைனா மெச்சிக்கொண்டு போவார்.

நான் மூன்றாவது படிக்கும்போது ஒரு மத்தியானம் அந்தப் பக்கம் சத்தம் நின்றது. அம்மாவும் கூட நின்றாள். தண்ணீர் குடிக்கிற நேரம் போய், ஒரு குடம் நிரம்புகிற நேரமும் போனது. அம்மா நாலு காயைத் தட்டி, ஒரு மூச்சு நேரம் நிறுத்தி, இருக்கியா என்று கேட்டுப் பார்த்தாள். பதில் இல்லை. கட்டிலில் நைனா படுத்திருந்தார். அம்மா அவரைத் தாண்டித் தெருவுக்கு ஓடினாள். அவள் மடியிலிருந்த காயெல்லாம் வாசல் வரைக்கும் உருண்டது. அடுத்த நிமிடம் சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து "அக்கா" என்று அம்மாவின் குரல் கேட்டது. நானும் அங்கே ஓடினேன். பெரியம்மா வாய் கோணி விழுந்து கிடந்தாள். நைனாவே ஓடிப்போய் ஆட்டோ பிடித்து வந்தார்.

சீக்கிரம் கொண்டுவந்ததால் உயிர் தப்பியது என்று பாண்டிச்சேரி ஆஸ்பத்திரியில் சொன்னார்கள். ஆனால் பேச்சு போய்விட்டது, வலது கையும் போய்விட்டது. வீட்டுக்கு வந்த பிறகு பெரியப்பா அவள் பக்கத்திலேயே நின்று, தண்ணி வேணுமா, போர்வை வேணுமா என்று கத்திக் கத்திக் கேட்பார். அவள் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். காது கேட்காதவளிடம் பேசுவது போல அவர் ஏன் கத்துகிறார் என்று எனக்கு ஆத்திரமாக வரும்.

ஒருநாள் அம்மா முறத்தில் மல்லாட்டையோடு அங்கே போனாள். நைனா பார்த்தும் பார்க்காதவர் போல இருந்தார். பெரியம்மாவின் இடது கையில் கல்லைக் கொடுத்துவிட்டு அம்மா எதிரில் உட்கார்ந்தாள். ரொம்ப நேரம் காய்தான் நசுங்கியது. பிறகு பெரியம்மா ஒரு மூச்சு நேரம் நிறுத்தினாள். அம்மாவும் நிறுத்தினாள். இருவரும் அழுதார்கள். எனக்கு மட்டும் சந்தோஷமாக இருந்தது.

அப்போது வெளியே போயிருந்த பெரியப்பா வந்து வாசற்படியில் நின்றார். பெரியம்மாவின் கல் சின்னதாக நின்றது, தட்டியது, மறுபடி நின்றது.

பெரியப்பாவுக்கு எப்படியோ அதில் ஏதோ இருக்கிறது என்று தெரிந்துவிட்டது. அத்தனை வருஷம் கழித்து அம்மாவிடம் பேசினார். "இன்னாம்மா சொல்றா?"

அம்மா தலையைத் தூக்கவில்லை. "நீங்க சாப்ட்டீங்களான்னு கேக்கறாங்க மாமா."

பெரியப்பா துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "சாப்ட்டேன்னு சொல்லும்மா" என்றார்.

ஆள் வந்தாச்சு என்பதைப் போய் அம்மா தப்பாகச் சொல்லிவிட்டாளே என்று திருத்துவதற்காக நான் வாயைத் திறந்தேன். அம்மா என் முழங்காலை அழுத்தினாள். பெரியம்மா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டுதான் இருந்தாள். பிறகு இருவரும் குனிந்து, இடைவெளியே விடாமல் உடைக்கத் தொடங்கினார்கள். பெரியம்மாவுக்குக் கை சரியாகிவிட்டது என்று நான் நினைத்துக்கொண்டேன். பெரியப்பா செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசற்படியிலேயே நின்றார், அடுத்து அவள் என்ன கேட்பாள் என்று காத்துக்கொண்டு.