பிரபாவதியும் நீந்திய எலியும்

கணவர் ஜான்சன் பஸ் ஓட்டுவதை விட்ட வருடம்தான் பிரபாவதி எலிகள் வளர்க்கும் இடத்தில் வேலைக்குச் சேர்ந்தாள். மறைமலைநகர் கம்பெனிகளுக்கு ஆட்களை ஏற்றிச் செல்லும் பஸ்ஸை வெகுகாலம் ஓட்டியவர் ஜான்சன். முதலில் வலது கை நடுங்கியது. பிறகு நடை சுருங்கியது. செங்கல்பட்டு பெரிய ஆஸ்பத்திரியில் பார்க்கின்சன் என்றார்கள். மாத்திரை எழுதிக் கொடுத்த டாக்டர், இனி பெரிய வண்டி தொட வேண்டாம் என்றும் சொல்லிவிட்டார்.

திருப்போரூர் பக்கம் ஒரு மருந்தியல் கல்லூரி. அங்கே ஆராய்ச்சிக்காக வளர்க்கும் எலிகளுக்குத் தீனி வைப்பதும் கூண்டு கழுவுவதும் பிரபாவதியின் வேலை. முதல் வாரம் வாடையே பேஜாராக இருந்தது. அப்புறம் பழகிப்போனது. எலிகளும் அவள் கைக்குப் பழகின.

ஆராய்ச்சி மாணவி கவியா நாவலூரிலிருந்து ஸ்கூட்டரில் வருவாள். ஒருநாள் அவள் சில எலிகளுக்கு மயக்கம் கொடுத்து, தலைக்குள் மிக மெல்லிய ஊசியால் ஏதோ ஒரு மருந்தைச் செலுத்தினாள். மயக்கம் தெளிந்த எலிகள் தின்னவில்லை, குடிக்கவில்லை, வைத்த இடத்திலேயே கூனிக்கொண்டு உட்கார்ந்திருந்தன. தீனியைத் தண்ணீரில் குழைத்து வாயோரம் வைத்து ஊட்ட வேண்டியிருந்தது. பிரபாவதிதான் ஊட்டினாள்.

"இன்னா பாப்பா மருந்து இது? நல்லா ஓடிக்கினு இருந்ததுங்க."

"அது விஷம்க்கா. ஹைட்ராக்ஸிடோபமைன்னு பேரு. மூளையில டோபமைன்னு ஒண்ணு இருக்கு, கை கால நடத்துறதே அதான். இந்த விஷம் பார்க்க அதே மாதிரி இருக்கும். அந்த நரம்பு செல்லுங்க தன்னோடதுன்னு நம்பி உள்ள இழுத்துக்கும். இழுத்ததுங்க செத்துடும். மத்த செல்லுக்குப் பெருசா ஒண்ணும் ஆகாது. செரட்டோனின்னு இன்னொண்ணு இருக்கு, அந்த செல்லை மட்டும் அழிக்கிற விஷம்கூட இருக்கு. எந்த செல் போனா எது நின்னுபோவுதுன்னு பார்க்கத்தான் இதெல்லாம். இப்ப இதுங்களுக்கு வந்திருக்கறது பார்க்கின்சன் மாதிரி."

பிரபாவதி கிண்ணத்தைக் கீழே வைத்தாள்.

"எங்கூட்டுக்காரருக்கு அதான் கீது. தானா வந்த நோயி. நீங்க இன்னாத்துக்கு, நல்லா கீற ஜீவனுக்கு வேணும்னே வர வெக்கிறீங்க?"

கவியாவுக்கு அதுவரை அது தெரியாது. அவள் முகம் வாடிப்போனது.

"அவர் சாப்பிடுற மாத்திரை வேலை செய்யும்னு முதல்ல தெரிஞ்சதே முயலுங்க மூலமாத்தான்க்கா. வேற ஒரு மருந்தால அசையாம கிடந்த முயல் இந்த மருந்தைக் குடுத்ததும் எழுந்து நடந்துச்சு."

கோபத்தோடுதான் அன்று பிரபாவதி வீட்டுக்குப் போனாள். ஆனாலும் மறுநாள் வந்து எலிகளுக்கு ஊட்டினாள். பசித்த வாயின் மேல் அவளுக்கென்ன கோபம்!

வீட்டிலும் நிலைமை மோசமாகிக்கொண்டிருந்தது. ஜான்சன் நடந்து வருவார், கதவருகே வந்ததும் நின்றுவிடுவார். கால் தரையை விட்டு எழாது. "ஆணி அட்ச்சா மாதிரி கீது பிரபா" என்பார். இழுத்தால் விழப்போவார். குளியலறைக்குப் போய் வருவதே பெரிய பாடானது. அவர் பேச்சைக் குறைத்துக்கொண்டார். ஞாயிறு ஆராதனைக்குக் கோயிலுக்கு வருவதையும் நிறுத்திவிட்டார்.

அந்தச் சமயத்தில் ஒருநாள் கவியா ஒரு தொட்டியில் வெதுவெதுப்பான நீர் நிரப்பினாள். கூண்டில் கல்லாகக் கிடந்த எலி ஒன்றை எடுத்து மெதுவாக நீரில் விட்டாள்.

"அய்யோ, முழுகிடும் பாப்பா!" என்று பிரபாவதி ஓடி வந்தாள்.

எலி முழுகவில்லை. நீந்தியது. நான்கு காலையும் உதைத்துத் தொட்டியைச் சுற்றி வந்தது. கவியா உடனே எடுத்துத் துணியால் துடைத்துக் கூண்டில் விட்டதும், மறுபடி அசையாமல் உட்கார்ந்துகொண்டது.

"பார்த்தீங்களா, காலுல பலம் அப்படியேதான்க்கா இருக்கு. கிளப்பிவிடறதுதான் போயிடுச்சு. வெளிய இருந்து ஏதாவது கிளப்பிவிட்டா ஓடுது."

பிரபாவதி அந்த எலியையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு ஜான்சன் கதவருகே நிற்பதைச் சொன்னாள். கவியாவின் கண் விரிந்தது. தரையில் கோடு போட்டால் சிலருக்குக் கால் எழும்பும் என்று படித்திருப்பதாகச் சொன்னாள். "நான் டாக்டர் இல்ல. எதுக்கும் ஆஸ்பத்திரியில கேட்டுடுங்க."

பெரிய ஆஸ்பத்திரியில் உடற்பயிற்சி சொல்லித்தரும் வாசுதேவன் பொறுமையான மனிதர். ஆமாம், முயன்று பார்க்கலாம் என்றார். எவ்வளவு இடைவெளியில் தரையில் டேப் ஒட்டுவது, பக்கத்தில் எப்படி நிற்பது என்று செய்தே காட்டினார். அன்று மாலையே வாசலில் தொடங்கிக் குளியலறை வரைக்கும் வெள்ளை டேப் ஒட்டினாள் பிரபாவதி.

"இன்னாடி இது, வூட்டுக்குள்ள ஜீப்ரா கிராஸிங்கா?"

"ஆமா. கோட்ட தாண்டு. நான் வண்டிய நிறுத்திக்கிறேன்."

ஜான்சன் குனிந்து பார்த்தார். ஒரு காலைத் தூக்கி முதல் கோட்டைத் தாண்டி வைத்தார். அடுத்தது. அடுத்தது. கதவைக் கடந்து வந்துவிட்டார். சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தார், அழுதார், எதுவென்று அவருக்கே தெரியவில்லை.

நோய் போய்விடவில்லை. மாத்திரையின் வேகம் இறங்கும் நேரத்தில் எந்தக் கோடும் உதவாது. ஆனால் ஜான்சனால் தன் வீட்டில் தானே நடந்து போய் முகம் கழுவ முடிந்தது. பிரபாவதிக்கு அது பெரிய காரியம்.

ஆராய்ச்சி முடியும் கட்டத்தில் எலிகளைக் கொன்று மூளையைச் சீவிப் பார்க்க வேண்டும். அது அவளுக்கு முன்பே தெரியும். அன்றைக்கு அவள் அந்த அறைப் பக்கம் போகாமல் காலிக் கூண்டுகளைக் கழுவிக்கொண்டிருந்தாள். சில வாரம் கழித்துக் கவியா அவளை அழைத்து மைக்ராஸ்கோப்பில் காட்டினாள். விஷம் ஏற்றாத எலியின் மூளையில் சின்னக் கரும்பட்டை. விஷம் ஏற்றிய எலியின் மூளையில் அதே இடம் வெளுத்துக் கிடந்தது.

"இத்துனூண்டு எடமா அந்த மனுசன நிறுத்திச்சு?" என்றாள் பிரபாவதி. கவியா அவள் தோளில் கை வைத்தாள்.

அந்த ஞாயிற்றுக்கிழமை ஜான்சன் கோயிலுக்கு வந்தார். ஆண்டவர் செய்த நன்மையைச் சபை முன் சாட்சியாகச் சொல்லும் நேரத்தில் பிரபாவதி எழுந்தாள். ஆண்டவருக்கு ஸ்தோத்திரம் சொன்னாள். டாக்டருக்கு, வாசுதேவன் சாருக்கு, கவியா பாப்பாவுக்கு என்று நன்றி சொல்லி வந்தவள் ஒரு கணம் நிறுத்தினாள்.

"அப்புறம், செத்துப்போன அந்த எலிங்களுக்கும்."

சிலர் சிரித்தார்கள். பாஸ்டர் சிரிக்கவில்லை. "ஆமென்" என்றார்.

திரும்பும் வழியில் ஜான்சன் அவள் தோளைப் பிடித்துக்கொண்டு மெல்ல நடந்தார்.

"எலிக்கெல்லாம் நன்றி சொன்ன. உன்ன கட்டிக்கின எனக்கு ஒரு ஸ்தோத்திரம் கெடையாதா?"

"அத அடுத்த வாரம் சொல்றேன். நீ வந்தாதான்."

"வர்றேன்" என்றார் ஜான்சன்.