அதிகாரியின் வசனம்

காலை ஒன்பது மணிக்கு எண்பத்து மூன்று வயதுப் பெண்ணொருவரின் முகத்தைப் பார்த்து, "ஏன் இந்த நாட்டுக்கு வந்தீர்கள்?" என்று கேட்பது என் சம்பளத்தில் அடங்காத வேலை. குளிக்க வைத்து, மருந்து கொடுத்து, உதட்டுச்சாயத்தைக் கையில் எடுத்துக் கொடுத்த பிறகு நான் குடிவரவு அதிகாரி ஆகிவிடுவேன். மிட்சம் பகுதியில் இருந்து தோர்ண்டன் ஹீத்துக்கு நான் பராமரிப்பு வேலைக்குப் போகும் வீட்டில் மூன்று வாரம் இப்படித்தான் ஒத்திகை நடந்தது.

இவானா செக் நாட்டில் பெரிய நடிகையாக இருந்தவர். பிராக் நகரில் அவருடைய படம் பார்க்கச் சனம் மழையில் வரிசையாக நின்றதாம். அறுபத்தெட்டில் ரஷ்ய டாங்கிகள் நகருக்குள் வந்த பிறகு இங்கே தப்பி வந்தார். அங்கே படங்களின் பெயர்ப்பட்டியலில் இருந்து அவர் பெயரை வெட்டினார்கள். இங்கே அவருடைய உச்சரிப்பைக் கேட்டுவிட்டு வேலைக்காரி, உளவாளி, மறுபடியும் வேலைக்காரி என்று வேடங்கள் கொடுத்தார்கள். பிறகு அதுவும் நின்றுபோனது. இப்போது, இத்தனை வருடத்துக்குப் பிறகு, ஒரு படத்தில் அகதிப் பெண் வேடம் வந்தது. ஒரே காட்சி. வீட்டிலேயே நடித்துப் பதிவு செய்து அனுப்ப வேண்டும். அவரிடம் இருப்பது பழைய போன் என்பதால் என் போனில் எடுத்து, என் மின்னஞ்சலில் அனுப்பினோம். போனுக்குப் பின்னால் நின்று அதிகாரியின் வசனத்தை நான் வாசித்தேன்.

வாசிக்கும்போது எனக்குக் குரல் நடுங்கும். குரோய்டன் குடிவரவு அலுவலகத்தில் ஒரு மேசைக்கு முன்னால், இதே கேள்விக்குக் கைகளை மடியில் ஒளித்துக்கொண்டு இருந்தவள் நான். "நீ பயப்படுகிறாய். அதிகாரி பயப்படமாட்டான்" என்று இவானா கண்டிப்பார். அதிகாரியைப் பற்றி எனக்கே பாடம்.

போன செவ்வாய்க்கிழமை பதில் வந்தது. இவானாவின் ஆங்கிலம் இந்த நாட்டிலேயே ஊறிவிட்டதாம், அகதி என்று நம்ப முடியவில்லையாம். கீழே இன்னொரு வரி. பின்னால் வாசித்த பெண் யார், அவர் நடிக்க வருவாரா? வேடத்தின் வயதை அவருக்கேற்ப மாற்றிக்கொள்ளலாமாம். அன்றிரவு அதை வீட்டில் காட்டினேன்.

"உள்ளதைச் சொல்லிப்போட்டு வாரும். ஒளிக்கிறதும் பாவம்தானே" என்றார் என் கணவர்.

"என்னால ஏலாதப்பா" என்றேன்.

அடுத்த முறை வேலைக்குப் போன வெள்ளிக்கிழமை, நான் கதவைத் திறந்ததும் இவானா, பதில் வந்ததா என்று கேட்டார். சாப்பிட்ட பிறகுதான் கெட்ட செய்தியைச் சொல்ல வேண்டும் என்பது எங்கள் வீட்டு வழக்கம். இன்னும் இல்லை என்று சொல்லிவிட்டுப் பாண் துண்டுகளை வாட்டி, வெண்ணெய் பூசிக் கொடுத்தேன். மிச்சம் வைக்காமல் சாப்பிட்டார். வாயைத் துடைத்து, சாயம் பூசி, கதிரையில் நிமிர்ந்து உட்கார்ந்தார். எப்போது கூப்பிட்டாலும் ஆயத்தமாக இருக்க வேண்டும், தொடங்கு என்றார். என் சட்டைப்பையில் போன் கனத்தது.

"ஏன் இந்த நாட்டுக்கு வந்தீர்கள்?" என்று கேட்டேன். அவர் முகத்தை நான் பார்க்கவில்லை; குரல் நடுங்கவும் இல்லை.

இவானா தன் வசனத்தை விட்டுவிட்டு என்னைப் பார்த்துச் சந்தோஷமாகத் தலையசைத்தார்.

"இன்றைக்குத்தான் நீ சரியான அதிகாரி."