பொட்டு ஒட்டிய பக்கம்

மூன்று வருடங்களுக்கு முன், ஆவணி மாதத்து ஞாயிற்றுக்கிழமை ஒன்றில், மேலூர் பக்கம் இருக்கும் எங்கள் ஊரில் நடந்தது இது. நான் மதுரையில் ஒரு ஆஸ்பத்திரி லேபில் வேலை பார்க்கிறேன். எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும் என்பது ஊரறிந்த விஷயம். ஆனால் அந்த வாரம் வந்த கோபம் இன்னும் இறங்கவில்லை.

அந்த எழுத்தாளரின் நாவல் ஒன்றைக்கூட நான் விட்டதில்லை. பஸ்ஸில் நின்றுகொண்டே படித்து, இறங்க வேண்டிய ஸ்டாப்பைத் தாண்டிப் போய்த் திரும்பி நடந்திருக்கிறேன். நாவல் போக வாழ்க்கை வரலாறுகளும் எழுதுவார். எங்கள் ஊர்க் கண்மாய்க்குள் குவாரிக்காரர்கள் கழிவுக் கல்லைக் கொட்டியதை எதிர்த்து வழக்கு நடத்திய வக்கீலைப் பற்றி எழுதப் போகிறார் என்று கேள்விப்பட்டதும், நானே போன் போட்டேன். "சார், அந்தக் கதை எங்கம்மாகிட்ட இருக்கு. கட்டாயம் வாங்க" என்றேன்.

வக்கீல் வாதாடியது உண்மை, ஜெயித்ததும் உண்மை. ஆனால் கல் லாரி கண்மாய்க் கரையில் ஏறிய அன்று அவர் ஊரிலேயே இல்லை. லாரிக்கு முன்னால் போய்ப் படுத்தது என் அம்மா. அவள் படுத்த பிறகுதான் மற்ற பெண்கள் ஓடி வந்தார்கள். போலீஸ் வந்து எல்லோரையும் அள்ளிக்கொண்டு போய், சாயங்காலம் வரை ஒரு கல்யாண மண்டபத்தில் அடைத்து வைத்தது. இதையெல்லாம் எழுத்தாளர் இரண்டு நாள் எங்கள் வீட்டில் உட்கார்ந்து போனில் பதிவு செய்துகொண்டார். அம்மா நாட்டுக்கோழி அடித்துக் குழம்பு வைத்தாள். கிளம்பும்போது, "அம்மா, நீங்க இல்லாம இந்தப் புத்தகமே கிடையாது" என்று கும்பிட்டுவிட்டுப் போனார்.

புத்தகம் வந்ததும் கடையில் வாங்கி, பிரித்துக்கூடப் பார்க்காமல் ஊருக்குப் பஸ் ஏறினேன். முதலில் அம்மா காதில்தான் விழ வேண்டும் என்று எனக்கு அப்படி ஒரு வீம்பு. அம்மாவுக்கு எழுத்து தெரியாது. கடலை உடைத்துக்கொண்டிருந்தவள் முறத்தைத் தள்ளி வைத்துவிட்டு, "நான் வர்ற எடத்தை மட்டும் வாசி, போதும்" என்றாள்.

தேடினேன். லாரி வருகிறது. லாரிக்கு முன்னால் வக்கீல் நிற்கிறார்! டிரைவரைப் பார்த்து அம்மா, "ஏத்துறதுன்னா ஏத்திட்டுப் போடா, நான் எந்திரிக்க மாட்டேன்" என்று கத்தினாளே, அதைச் சலவை செய்து, வக்கீல் வாயில் நல்ல தமிழாகப் போட்டிருந்தார். கீழே, "சில பெண்களும் உடன் நின்றனர்" என்று ஒரு வரி. அடப்பாவி மனுஷா! எங்கள் வீட்டுக் கோழியைத் தின்ற வாய்தானே அது?

"என்னடி, எம் பேரை எழுதியிருக்காரா?" என்றாள் அம்மா.

அவள் முகத்தைப் பார்த்தேன். பரீட்சை ரிசல்ட் கேட்கிற பிள்ளை மாதிரி உட்கார்ந்திருந்தாள். எனக்கு மனசு வரவில்லை. "எழுதியிருக்காரும்மா" என்று சொல்லிவிட்டு, வக்கீல் என்று இருந்த இடத்திலெல்லாம் அம்மா பெயரைப் போட்டு வாசித்தேன். அவள் கத்தியதை அவள் கத்தியபடியே வாசித்தேன். "எந்த எடம், காட்டு" என்றாள். ஏதோ ஒரு வரியில் விரலை வைத்தேன். கண்ணாடியில் ஒட்டியிருந்த ஒட்டுப்பொட்டு ஒன்றை எடுத்து வந்து, அந்த வரிக்குப் பக்கத்தில் ஒட்டிக்கொண்டாள்.

திரும்பும்போது பஸ்ஸிலிருந்தே எழுத்தாளருக்குப் போன் போட்டேன்.

"வாழ்க்கை வரலாறுன்னா மையத்துல ஒருத்தர்தான் இருக்க முடியும்மா. வாசகருக்குக் குழப்பம் வந்துரும்" என்றார், பாடம் நடத்துகிற மாதிரி.

"நாவல்ல நீங்க என்ன வேணாலும் எழுதுங்க, யாரு கேட்டா? எங்கம்மா செஞ்சதை எடுத்து இன்னொருத்தருக்குக் குடுக்க நீங்க யாரு சார்?"

பஸ்ஸே திரும்பிப் பார்த்தது. அடுத்த பதிப்பில் பார்ப்போம் என்று வைத்துவிட்டார். அதற்குப் பிறகு என் போனை எடுக்கவே இல்லை. வீட்டுக்குப் போனதும் அவர் நாவல்களையெல்லாம் சாக்கில் கட்டிப் பரணில் எறிந்தேன். அப்போதும் ஆறவில்லை.

அடுத்த வாரம் மகளிர் குழுக் கூட்டம். அம்மா அந்தப் புத்தகத்தை எடுத்துக்கொண்டு போயிருக்கிறாள். பொட்டு ஒட்டிய பக்கத்தைப் பிரித்துக் குழுச் செயலாளரிடம் நீட்டி, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி வாசிக்கச் சொல்லியிருக்கிறாள். அவர் ஒரு தடவை வாசித்தார். மறுபடியும் வாசித்தார். "மதினி, ஒங்க பேரு இதுல இல்லையே" என்றார். யாரோ சிரித்துவிட்டார்கள். "ஒனக்கு வாசிக்கத் தெரியல. எம் மக வாசிச்சா" என்று அம்மா சண்டைக்கே போயிருக்கிறாள். இன்னொருத்தியும் வாங்கி வாசித்துவிட்டு இல்லை என்ற பிறகுதான் புத்தகத்தை வாங்கிக்கொண்டு வீட்டுக்கு நடந்தாளாம்.

எனக்குப் போன் வந்தது. "கெளம்பி வா." அவ்வளவுதான் சொன்னாள்.

போனதும் போகாததுமாக, "அந்த ஆளைச் சும்மா விடக்கூடாதும்மா" என்று ஆரம்பித்தேன்.

"அந்தாளு கெடக்காரு. ரெண்டு நாளு வந்துட்டுப் போன மனுசன். நீ என்னடி செஞ்ச?"

"நீ மனசு ஒடைஞ்சு போயிருவேன்னுதாம்மா..."

"ஒடைஞ்சா செத்தா போவேன்? குவாரிக்காரய்ங்க ஊருக்குள்ள எப்படி வந்தாய்ங்கன்னு தெரியுமா ஒனக்கு? கோயிலுக்கு ரோடு போடப் போறோம்னு ஒரு தாளை வாசிச்சுக் காட்டுனாய்ங்க. அம்புட்டுப் பேரும் கைநாட்டு வச்சோம். நாந்தான் மொத ஆளு. தாள்ல இருந்தது கல்லு கொட்ட சம்மதம்னு. அந்த வயித்தெரிச்சல்லதான்டி லாரி முன்னால போயி விழுந்தேன். இப்ப நீயும் அதே மாதிரி வாசிச்சிருக்க."

கைநாட்டு வைத்த கதையை அவள் அந்த எழுத்தாளரிடம் சொல்லவில்லை. என்னிடமும் அதுவரை சொன்னதில்லை. அவளுக்கு அது அவ்வளவு அவமானம்.

அன்று சாயங்காலமே அந்தப் பெண்களை வரச்சொல்லி, அவர்கள் முன்னால் என்னை நிறுத்தி, "இருக்கறதை இருக்கறபடி வாசி" என்றாள். ஒரு எழுத்து விடாமல் வாசித்தேன். "சில பெண்களும் உடன் நின்றனர்" என்று முடித்தபோது யாரும் சிரிக்கவில்லை. அம்மா எழுந்து, "இப்ப நான் சொல்றேன், கேட்டுக்கங்க" என்று தன் கதையைச் சொன்னாள். கைநாட்டிலிருந்து ஆரம்பித்தாள்.

இரண்டாம் பதிப்பும் வந்துவிட்டது. அதிலும் சில பெண்கள்தான். இதை நான் எழுதப் போகிறேன், உன் பெயரைப் போடட்டுமா என்று கேட்டேன். "ஒண்ணும் வேணாம்" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

போன மாதம் சர்க்கரை டெஸ்டுக்கு எங்கள் லேபுக்கு வந்திருந்தாள். ரத்தம் எடுத்ததும் நான், ரிப்போர்ட்டில் கையெழுத்துப் போட்டதும் நான். "ஒண்ணுமில்லம்மா, கொஞ்சம்தான் கூட இருக்கு" என்று வாசித்துக் காட்டினேன். கேட்டுக்கொண்டாள். பிறகு அந்தத் தாளை என் கையிலிருந்து வாங்கி, பெஞ்சில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த முன்பின் தெரியாத பெண்ணிடம் நீட்டி, "இதுல என்னம்மா போட்டிருக்கு?" என்று கேட்டாள். அந்த எழுத்தாளரை நான் சாகும்வரை திட்டுவேன், அது வேறு. ஆனால் அன்று பற்றிக்கொண்ட எரிச்சல் முழுக்க என் மேல்தான், அது அணையுமென்று எனக்குத் தோன்றவில்லை.