பசிபிக்கைப் பார்த்துத் தொழுத நாட்கள்

ஆக்லாந்துக்கு வந்த புதிதில், ஏறக்குறைய ஒரு மாத காலம், எங்கள் வீட்டில் மக்காவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு தொழுதோம். வேண்டுமென்று யாராவது அப்படிச் செய்வார்களா. எல்லாம் என் அத்தாவின் திறமையால் வந்த வினை.

அத்தா தேனிப் பக்கத்தில் கட்டட மேற்பார்வையாளராக இருந்தவர். ஊரில் யார் அஸ்திவாரம் போட்டாலும் திசை குறிக்க அவரைத்தான் கூப்பிடுவார்கள். கையில் காம்பஸ் எல்லாம் இருக்காது. ஒரு குச்சியை நட்டு உச்சிவேளை நிழலைப் பார்ப்பார். கோடை கழிந்த மாதங்களில் அங்கே நிழல் வடக்கே விழும். நிழலைப் பார்த்து நின்றால் இடது கைப்பக்கம் மேற்கு. இப்படி அவர் குறித்துக் கொடுத்த வீடுகளில் ஒன்றுகூடக் கோணியது கிடையாது. அந்தப் பெருமை அவருக்கு உண்டு, எனக்கும் உண்டு.

த்ரீ கிங்ஸில் ஒரு சரிவான நிலத்தில் கட்டிய வீட்டின் கீழ்ப்பகுதியில் நாங்கள் குடியிருந்தோம். மேலே வீட்டுக்காரர்கள்: யாழ்ப்பாணத்திலிருந்து அகதியாக வந்து பல வருடம் ஆன மாமாவும் மாமியும். எங்கள் பகுதிக்கு ஒரு பக்கம்தான் ஜன்னல். மறுபக்கச் சுவர் மண்ணுக்குள் போயிருந்தது. நாங்கள் வந்தது செப்டம்பரில். வசந்தம் என்று சொன்னார்கள். வசந்தம் என்றால் மழையும் காற்றும் என்பது வந்த பிறகுதான் தெரிந்தது. ஒருநாள் நடுப்பகலில் மேகம் கொஞ்சம் விலகியதும் அத்தா துடைப்பக் கட்டையை எடுத்துக்கொண்டு கொல்லைக்கு ஓடினார். நட்டார், நிழலைப் பார்த்தார், இடது கையை நீட்டினார். "அதான் மேற்கு" என்றார். மக்கா மேற்கே என்பதால், நானும் அம்மாவும் தொழுகை விரிப்பான முஸல்லாவை அந்தச் சுவரைப் பார்த்து விரித்தோம்.

ஊரில் தெற்கே சாய்ந்து போகும் சூரியன், உலகத்தின் இந்தக் கீழ்ப்பாதியில் வடக்கே சாய்ந்து போகும். நிழலும் தெற்கே விழும். அத்தாவுக்கு இந்த ஒரு விஷயம் மட்டும் தோன்றவில்லை. ஆகவே அவர் மேற்கு என்று காட்டியது சுத்தமான கிழக்கு. எங்களுக்கு முன்னால் சுவர், சுவருக்கு அப்பால் பசிபிக் கடல், கடலைத் தாண்டினால் தென் அமெரிக்கா. அதை நோக்கித்தான் நாங்கள் பக்தியோடு குனிந்து நிமிர்ந்தோம்.

வெள்ளிக்கிழமை ஜும்மாவுக்கு அத்தா போனாரே, அங்கே தெரிந்திருக்காதா என்று கேட்கலாம். அது ஒரு வாடகை மண்டபம். மாமாதான் காரில் கொண்டுபோய் விடுவார். ஆக்லாந்தின் சாலைகள் குன்று குன்றாகச் சுற்றிக்கொண்டு போகும்; இறங்கும்போது எந்தப் பக்கம் வந்தோம் என்று யாராலும் சொல்ல முடியாது. உள்ளே போனால் சோமாலியர்களும் ஃபிஜிக்காரர்களும் ஆப்கானியர்களும் வரிசையாக நிற்பார்கள். அத்தாவும் போய் வரிசையில் சேர்ந்து நின்றுவிட்டு வந்துவிடுவார்.

அப்போது எங்களுக்கு இருந்த கவலை வேறு. குறிப்பிட்ட காலத்துக்குள் அத்தாவுக்குத் தன் தொழிலில் வேலை கிடைத்தாக வேண்டும். இல்லையென்றால் விசா முடிந்து ஊருக்குத் திரும்ப வேண்டியதுதான். ஊரில் வீட்டை விற்றுவிட்டு வந்திருந்தோம். அத்தா தினமும் நூலகத்துக்குப் போய் விண்ணப்பம் அனுப்புவார். பதில் வந்தால் 'இங்கே வேலை செய்த அனுபவம் இல்லை' என்று வரும். வேலை கொடுத்தால்தானே அனுபவம் வரும் என்று முதலில் சிரித்தார். பிறகு சிரிப்பது நின்றது. சாப்பாட்டில் கை வைத்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருப்பார். தொழுது முடித்துத் துஆவுக்கு ஏந்திய கையை வெகுநேரம் இறக்கமாட்டார். நானும் பக்கத்தில் கை ஏந்திக்கொண்டு, அத்தாவுக்கு வேலை, எனக்குக் காலால் உந்தி ஓட்டும் ஒரு ஸ்கூட்டர் என்று கேட்டுக்கொண்டிருந்தேன்.

மழை விட்டிருந்த ஒரு நாள் மாலை. அஸர் தொழுகை. அத்தா முன்னால் நின்றார், நானும் அம்மாவும் பின்னால். எங்கள் முதுகுப் பக்கத்து ஜன்னல் வழியாக வெயில் பளீரென்று உள்ளே வந்தது. முன்னால் இருந்த சுவரில் எங்கள் மூன்று பேரின் நிழலும் விழுந்தது. எனக்கு ஒரே குஷி. நான் குனிந்தால் நிழலும் குனிந்தது. தொழுகையில் விளையாடக்கூடாது என்று தெரியும், ஆனாலும் விரல்களை முயல் காது மாதிரி ஆட்டிப் பார்த்தேன். வழக்கமாக என்னைக் கிள்ளும் அம்மா அன்று கிள்ளவில்லை. தொழுகை முடிந்ததும் எழுந்து போய்த் திரைச்சீலையை இழுத்து மூடினார்.

"இருக்கட்டுமேம்மா" என்றேன்.

"குளிருது" என்றார். வெயில் உள்ளே வரும்போது எப்படிக் குளிரும் என்று எனக்கு விளங்கவில்லை.

மறுநாள் அத்தா வெளியே போனதும் அம்மா மாடிக்குப் போனார். அங்கே என்ன பேசினார்கள் என்பதை வெகுநாள் கழித்து மாமிதான் எனக்குச் சொன்னார். சாயங்கால வெயில் எந்தப் பக்கம் இருந்து வருகிறது என்று அம்மா கேட்டிருக்கிறார். மாமாவுக்கு உடனே புரிந்துவிட்டது.

"இஞ்ச வெயில் வடக்குப் பக்கத்தாலதான் போகும் பிள்ளை. நாங்களும் வந்த புதுசில சாமிப் படங்களை மாறித்தான் வச்சனாங்கள். பிறகு ஒருத்தர் வந்து சொல்லித்தான் தெரியும். நான் தம்பியிட்ட கதைக்கவோ?"

"வேணாம்ணே. அவருக்குத் தெரிஞ்சதுன்னு இந்த ஊர்ல மிச்சம் இருக்கிறது அந்தக் குச்சி ஒண்ணுதான். அதும் தப்புன்னு இப்பச் சொன்னா மனுஷன் உடைஞ்சு போயிருவாரு. முதல்ல வேல கிடைக்கட்டும்."

"தொழுகை பிழையாப் போகாதோ?" என்று கேட்டது மாமி. அவர் தினமும் விளக்கேற்றுகிறவர். சாமி காரியத்தில் சமாதானமாகிவிட மாட்டார்.

அம்மா அதையும் விசாரித்து வைத்திருந்தார். விடியற்காலையிலேயே போன் கார்டு போட்டு ஊரில் இருக்கும் தன் அண்ணனிடம் பேசி, பள்ளிவாசல் ஹஜ்ரத்திடம் கேட்கச் சொல்லியிருக்கிறார். திசையைத் தேடிப் பார்த்து, இதுதான் என்று நம்பித் தொழுதவர் மேல் குற்றமில்லை என்று ஹஜ்ரத் சொன்னாராம்.

"அவருக்குத் தெரியாத வரைக்கும் அவரு தொழுகைக்கு ஒரு குறையும் இல்லக்கா. தெரிஞ்சவ நாந்தான். நான் திரும்பிக்கிறேன்" என்றாராம் அம்மா.

அன்று முதல் தொழுகை நேரம் வந்தால் அம்மாவுக்கு அடுப்பில் வேலை இருந்தது. நீங்கள் தொழுங்கள், நான் பிறகு தொழுகிறேன் என்பார். ஒருமுறை தண்ணீர் குடிக்கப் போனபோது அவர் சமையலறையில் தொழுதுகொண்டிருந்தார், நாங்கள் பார்க்கும் பக்கத்துக்கு நேர் எதிராக. ஏன் இந்தப் பக்கம் என்று கேட்டதற்கு, இங்கே இப்படித்தான் இடம் இருக்கிறது என்றார். தொழுகிற திசைக்குக் கிப்லா என்று பெயர்; சமையலறைக்கு வேறு கிப்லா போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். நியூஸிலாந்தில் எத்தனையோ விஷயங்கள் வேறு மாதிரி இருந்தன. இதுவும் அதில் ஒன்று.

பிறகு ஒரு நேர்காணலுக்கு அழைப்பு வந்தது. பிளாட் புஷ்ஷில் புதிய வீடுகள் கட்டும் ஒரு நிறுவனம். மாமா தன் கோட்டைக் கொடுத்தார். தோள் கொஞ்சம் பெரிதாக இருந்ததை மாமி இரவோடு இரவாகப் பிடித்துத் தைத்தார். காலையில் மாமா வேலைக்கு லீவு சொல்லிவிட்டு அத்தாவைக் காரில் கூட்டிப்போய், முடியும்வரை வெளியே காத்திருந்து, திரும்பக் கூட்டி வந்தார். வேலை கிடைத்தது.

இன்று யோசித்துப் பார்த்தால் எனக்கு மலைப்பாக இருக்கிறது. முதுகைக் காட்டிக்கொண்டு கேட்டவர்களுக்கும் அல்லாஹ் கொடுத்தான். சிவன் படத்துக்கு விளக்கேற்றுகிறவர்கள் கோட்டுத் தைத்துக் கொடுத்து, கார் ஓட்டி, எங்கள் ரகசியத்தையும் காத்தார்கள். அந்த ஸ்கூட்டரையும் கடைசியில் மாமாதான் வாங்கித் தந்தார். நன்றி சொல்ல வேண்டியவர்கள் எத்தனை பேர் என்று அந்த வயதில் நான் நினைத்துப் பார்த்ததே இல்லை.

வேலையின் முதல் நாள் சாயங்காலம் அத்தா வீட்டுக்குள் வராமல் நேரே கொல்லைக்குப் போனார். துடைப்பக் கட்டை நட்ட இடத்தில் நின்று அண்ணாந்து பார்த்தார். பிறகு வாசலுக்கு வந்து, காலில் பூட்ஸோடு, நிலைப்படியில் உட்கார்ந்தார். நானும் அம்மாவும் ஓடிவந்தோம். முதல் நாளே வேலை போய்விட்டதோ என்று எனக்குப் பயம்.

"அங்க எல்லா வீட்டுக்கும் ஹாலை வடக்குப் பாத்து வச்சிருக்காங்க. வெயிலே வராதேன்னு ஃபோர்மன்ட்ட சொன்னேன். அந்த ஆளு மேல கையக் காட்டுனாரு. சூரியன் வடக்க நிக்குது." வீட்டுக்குள் திரும்பிப் பார்த்தார். "நாம இத்தன நாளும் கஃபாவுக்கு முதுகக் காட்டித் தொழுதிருக்கோம்."

அம்மா கன்னத்தில் கை வைத்து, "அப்படியா" என்றார். நன்றாகத்தான் நடித்தார். நான்தான் கெடுத்தேன்.

"அம்மா மட்டும் சரியாத்தான் தொழுதாங்க. சமையக்கட்டுல அந்தப் பக்கம் பாத்து."

அத்தா அம்மாவை நிமிர்ந்து பார்த்தார்.

"எப்ப இருந்து தெரியும்?"

"அன்னிக்கு வெயில் அடிச்சப்ப."

"ஏன் சொல்லல?"

அம்மா முந்தானையை விரலில் சுற்றிக்கொண்டு நின்றார். "நீங்க வேல தேடிக்கிட்டிருந்தீங்க" என்றார்.

அத்தா இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டார். தோள் குலுங்கியது. வேலை கிடைக்காத நாட்களில்கூட அவர் அழுது நான் பார்த்ததில்லை. வேலை கிடைத்த பிறகு அழுகிறாரே என்று எனக்குத் திகைப்பாக இருந்தது. யோசித்தேன். காரணம் எனக்குப் பிடிபட்டுவிட்டது: இத்தனை நாள் தொழுதது எல்லாம் வீணாகிவிட்டது, அதற்குத்தான் அழுகிறார். பாவம், அவர் என்ன செய்வார். பக்கத்தில் போய் உட்கார்ந்து அவர் பூட்ஸ் கயிற்றை அவிழ்த்துக்கொண்டே ஆறுதல் சொன்னேன்.

"அழாதீங்கத்தா. எல்லாத்தையும் திரும்பத் தொழுதுரலாம். நானும் கூடத் தொழுவுறேன்."

அம்மா சிரித்துவிட்டார். அத்தா என்னை இழுத்து அணைத்துக்கொண்டு இன்னும் அதிகமாக அழுதார். அவர் கண்கள் என் தலைக்கு மேலாக அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தன. எல்லாவற்றையும் திரும்பத் தொழுதால் போதுமே, இதற்கு மேலும் எதற்கு அழ வேண்டும் என்று எனக்கு விளங்கவே இல்லை.