பத்து எண்ணும் வரை விழாதவள்

2022ஆம் ஆண்டின் நடுப்பகுதி. பெற்றோல் இல்லை, காஸ் இல்லை, பால்மா இல்லை. கரண்ட் மட்டும் நேர அட்டவணை போட்டு வந்து போய்க்கொண்டிருந்தது. வெள்ளவத்தையில் கடற்கரைப் பக்கம் இறங்கும் ஓர் ஒழுங்கையில், இரண்டாம் மாடி வீட்டில் நான், அம்மா, என்னைவிட எட்டு வயது இளைய தம்பி மூன்று பேரும் இருந்தோம். நான் பள்ளிக்கூட ஆசிரியை. பஸ் ஓடாததால் பள்ளிக்கூடம் வாரத்தில் பாதி நாள் பூட்டியே கிடந்தது. முப்பத்தாறு வயதில் கம்ப்யூட்டர் கேம் விளையாடப் பழகினேன் என்று இன்று சொன்னால் சக ஆசிரியைகள் நம்புவதில்லை. விளையாடப் பழகியது சும்மா பொழுதுபோகாமல் அல்ல. அதற்கு முன்னால் ஒரு சண்டை இருந்தது.

தம்பிக்குக் கனடா விசா வந்திருந்தது. படிக்கப் போகிறான். அந்த வருடம் ஒழுங்கைக்கு ஒருவர் வெளிநாட்டுக்குப் புறப்பட்டுக்கொண்டுதான் இருந்தார், அதில் புதினம் ஒன்றுமில்லை. ஆனால் அவன் விண்ணப்பித்ததும், நேர்முகத்துக்குப் போனதும், விரல் அடையாளம் கொடுத்ததும் எனக்குத் தெரியாது. விசா கையில் வந்த பிறகுதான் சொன்னான். அப்பா இல்லாத வீடு. அம்மாவுக்கு சீனி வருத்தமும் பிரஷரும். அவன் போனால் இந்த வீட்டில் நானும் அம்மாவும் மாத்திரைப் பெட்டியும்தான். எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. இரண்டு வாரம் அவனோடு நேரே பேசவில்லை. ஒரே மேசையில் இருந்துகொண்டு, "அம்மா, சம்பல் வேணுமோ எண்டு அவனைக் கேளுங்கோ" என்பேன். அம்மாவும் தபால்காரர் மாதிரி அவனிடம் கேட்டு எனக்குப் பதில் சொல்லுவார்.

ஒருநாள் காலை அவன் என் அறை வாசலில் வந்து நின்றான்.

"அக்கா, ஒரு உதவி செய்வீங்களே?"

அவன் நெடுநாளாக ஒன்லைனில் ஒரு கேம் விளையாடுவான். மூன்று பேர் சேர்ந்த குழு. இவன் கேடயத்தோடு முன்னால் நின்று அடி வாங்குகிறவன். கொட்டாஞ்சேனையில் இருக்கும் இவனுடைய நண்பன் பின்னால் நின்று அம்பு விடுகிறவன். மூன்றாவது ஆள் ஹீலர், அதாவது அடிபட்டவர்களுக்கு மந்திரம் போட்டு உயிர் ஏற்றுகிறவர். அந்த மூன்றாவது ஆள் அவுஸ்திரேலியாவுக்குப் போய்விட்டாராம். அந்த கேமில் ஒரு கோட்டை இருக்கிறதாம், மூன்று வருடமாக முயன்றும் பிடிக்க முடியவில்லையாம். போவதற்கு முன் அதைப் பிடித்துவிட வேண்டும், நான் ஹீலராக வர வேண்டும்.

"உனக்கு வேற ஆள் கிடைக்கேல்லையோ?" என்றேன். இரண்டு வாரத்துக்குப் பிறகு நான் நேரே பேசிய முதல் வசனம் அதுதான்.

"கிடைக்கேல்லை அக்கா" என்றான், முகத்தைத் திருப்பிக்கொண்டு.

என் பழைய லப்டொப்பில் எல்லாம் ஏற்றித் தந்தான். முதலில் ஒரு திரை வந்தது. உன் இனத்தைத் தெரிவு செய் என்று ஆங்கிலத்தில் கேட்டது. எனக்குச் சிரிப்பு வந்தது. பிறப்புச் சான்றிதழிலிருந்து, யுத்த காலத்தில் இந்த வீட்டுக்கு வந்தபோது தமிழர் எல்லோரும் பொலிஸில் பதிய வேண்டியிருந்த படிவம் வரைக்கும் இந்தக் கேள்விக்கு எனக்காக யாரோ எப்போதோ பதில் எழுதி வைத்திருந்தார்கள். இப்போதுதான் முதல் தடவையாக, உனக்கு எது விருப்பம் என்று என்னிடமே கேட்கிறார்கள்.

ஐந்து இனங்கள். அவற்றின் ஆங்கிலப் பெயர்கள் வாயில் நுழையாததால் நானே பெயர் வைத்துக்கொண்டேன். மனிதர், நீண்ட காது வைத்த காட்டுவாசிகள், பனிநாட்டவர், மயில் நிறச் சிறகோடு சிறகர், கடைசியாக மண்ணர். மண்ணர் என்றால் கட்டை உருவம், பானை நிறம், கழுத்து இருக்கிற இடத்தில் கழுத்து இல்லை, கணுக்கால் உலக்கை மொத்தம்.

"ஹீலருக்கு இதுதான் நல்லம்" என்று தம்பி அந்த உலக்கைக் காலைக் காட்டினான். மற்ற இனங்கள் உயிர் தீர்ந்ததும் விழுந்துவிடும். மண்ணர் மட்டும் உயிர் பூச்சியமான பிறகும் பத்து எண்ணும் வரை நிற்பார்களாம். அந்தப் பத்து வினாடிக்குள் மந்திரம் போடலாம், பேசலாம், பிறகுதான் விழுவார்களாம்.

அகப்பையோடு வந்து பின்னால் நின்ற அம்மா, கலியாணத் தரகர் கொண்டுவந்த படங்களைப் பார்ப்பதுபோல ஒவ்வொன்றாகப் பார்த்தார். சிறகரில் கண் நின்றது.

"இது வடிவான பிள்ளை. குடும்பமும் நல்ல குடும்பம் போல கிடக்கு."

ஹெட்போனுக்குள்ளிருந்து, நான் கொட்டாஞ்சேனைத் தம்பி என்று கூப்பிடும் அந்த நண்பர் கத்தினார். "ஐயோ அக்கா, சிறகு வச்சது வேணாங்கா. ஒரே அடியில போயிரும்!"

நான் சிறகரையே எடுத்தேன். வடிவுக்காக என்று சொன்னேன். உண்மையில், தம்பி சொன்னதைக் கேட்கக் கூடாது என்பதற்காகத்தான் எடுத்தேன். அவன் என்னைக் கேட்டா விசாவுக்குப் போட்டான்?

பழகத் தொடங்கினோம். எங்கள் பக்கம் கரண்ட் இருக்கும்போது கொட்டாஞ்சேனையில் இருக்காது. அங்கே வரும்போது இங்கே போய்விடும். இரண்டு பக்கமும் கரண்ட் இருக்கிற நேரத்தை அம்மாவின் நாட்காட்டியில் பென்சிலால் குறித்து வைத்தோம். தம்பி தன் அறையில் இருப்பான், நான் ஹோலில் இருப்பேன். அவன் குரல் ஹெட்போனுக்குள்ளும் கேட்கும், கதவுக்கு அப்பாலிருந்தும் கேட்கும். கடற்கரை ரெயில் போனால் இரண்டுமே கேட்காது. கொட்டாஞ்சேனைத் தம்பியின் முகத்தை நான் கண்டதில்லை. எனக்கு அவர் ஒரு குரலும், அந்தக் குரலுக்குப் பின்னால் கேட்கிற கோவில் மணியும்தான்.

மூன்று முறை கோட்டைக்குள் போனோம். அங்கே காவல் நிற்பது மூன்று மாடி உயரத்தில் ஓர் இரும்பு யானை. மூன்று முறையும் என் மயில் சிறகு அழகிதான் முதலில் செத்தாள். அவள் செத்ததும் மற்ற இரண்டு பேருக்கும் உயிர் ஏற்ற ஆளில்லாமல் எல்லாம் முடிந்தது. மூன்றாவது முறை தம்பி, "அக்கா, அப்பவே சொன்னனான்" என்றான். அவ்வளவுதான் சொன்னான். அடுப்பில் பால் பொங்கினதுபோல எனக்கு உள்ளே இருந்ததெல்லாம் வெளியே வந்துவிட்டது.

"எங்களை விட்டிட்டுப் போறவனுக்குக் கோட்டை ஒரு கேடே? போறதெண்டா போ! இப்பவே போ!"

குசினியில் ஏதோ பாத்திரம் விழுந்தது. எங்கள் வீட்டில் கடைக்குப் போகிறவரிடம்கூட 'போ' என்று சொல்லமாட்டோம். 'போய்ட்டு வா' என்றுதான் சொல்லுவோம். பயணம் போக இருக்கிறவனிடம் வெறும் 'போ' என்றால் என்ன அர்த்தம் என்று அம்மாவுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். தம்பி ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு, காஸ் சிலிண்டரைத் தூக்கிக்கொண்டு வரிசைக்குப் போய்விட்டான். அன்றைக்கு அவனுடைய முறைகூட இல்லை, என்னுடைய முறை.

நான் திரையைப் பார்த்தபடி இருந்தேன். அழுகை வந்தது, அழவும் வெட்கமாக இருந்தது. ஹெட்போனில் கொட்டாஞ்சேனைத் தம்பி இன்னும் இருக்கிறார் என்பதையே மறந்துவிட்டேன். அவர் மெதுவாகத்தான் பேசினார்.

"அக்கா, ஒண்ணு சொல்லவா? கோவிச்சுக்காதீங்க. ஹீலர் கிடைக்காம ஒண்ணும் இல்லக்கா. எத்தனையோ பேர் இருக்காங்க. அவன்தான் எங்கக்காவைக் கூட்டிட்டு வாறேன்னான். உங்ககூடப் பேச வேற வழி தெரியலையாம்."

ஹெட்போனைக் காதோடு அழுத்திப் பிடித்தேன்.

"மண்ணர் எடுக்கச் சொன்னதுகூட அதுக்குத்தான். நீங்க முதல்ல செத்துட்டா, சும்மா பார்த்துட்டு இருக்கணும்ல? போரடிச்சு எழும்பிப் போயிருவீங்கன்னு பயந்தான்."

அந்த உலக்கைக் காலை அவன் விரல் வைத்துக் காட்டியது நினைவுக்கு வந்தது. கூடுதலாகப் பத்து வினாடி நான் பக்கத்தில் நிற்க வேண்டும் என்று நினைத்த பிள்ளையை, போ என்று சொல்லிவிட்டேன்.

அந்த கேமில் எடுத்த இனத்தை மாற்ற வழியில்லை. ஆளை அழித்துவிட்டு அடியிலிருந்து தொடங்க வேண்டும். அவன் புறப்படப் பன்னிரண்டு நாள்தான் இருந்தது. அன்றைக்கே மயில் சிறகை அழித்தேன். கொஞ்சம் மனம் நொந்தது, பொய் சொல்லவில்லை. பிறகு ஒரு மண்ணச்சியைப் படைத்தேன். கழுத்தில்லாத அவளுக்கு நெற்றியில் ஒரு பொட்டு வைக்க மட்டும் கேம் இடம் கொடுத்தது. தம்பி வரிசைகளில் நிற்கிற நேரமெல்லாம் கொட்டாஞ்சேனைத் தம்பி எனக்குத் துணை வந்தார். எலி அடித்தோம், பன்றி அடித்தோம், பேய்களின் வயலில் நாள் முழுக்க நின்றோம். பரீட்சை விடைத்தாள்கூட நான் அவ்வளவு அக்கறையாகத் திருத்தியதில்லை.

வியாழக்கிழமை பயணம். புதன்கிழமை காலை தம்பியின் அறைக் கதவைத் தட்டினேன்.

"கோட்டைக்குப் போவமே?"

அவன் கணினியைத் திறந்து, என் இடத்தில் நின்ற கட்டைப் பெண்ணைப் பார்த்தான். பிறகு என்னைப் பார்த்தான். "பொட்டு வேற வச்சிருக்கிறீங்கள்" என்றான். அவ்வளவுதான், ஆனால் சிரித்தான்.

அட்டவணைப்படி இரண்டு பக்கமும் கரண்ட் இருக்க வேண்டியது பதினொன்றரையிலிருந்து ஒரு மணி வரை. ஆனால் புதன்கிழமை பன்னிரண்டிலிருந்து ஒன்றரை ராகு காலம். நாட்காட்டியோடு வந்த அம்மா கண்டிப்பாகச் சொல்லிவிட்டார்.

"பயணத்துக்கு முதல் நாள் ராகு காலத்தில ஒண்டும் தொடங்கக் கூடாது. பன்னிரண்டுக்கு முன்னம் வாசலைத் தாண்டி உள்ளுக்க நில்லுங்கோ. பிறகு ஆறுதலாச் சண்டை பிடிக்கலாம்."

அது எங்கள் வீட்டு வழக்கம்தான். புறப்படுகிற நேரம் சரியில்லை என்றால் பெட்டியை நல்ல நேரத்தில் அயல் வீட்டில் கொண்டுபோய் வைத்துவிடுவோம். அப்போதே புறப்பட்டதாகக் கணக்கு. தம்பியின் பெட்டியும் அன்று காலையே முன்வீட்டில் போய் இருந்தது. கோட்டைக்கும் அப்படியே செய்தால் போகிறது என்று எனக்கும் பட்டது. பதினொன்று ஐம்பத்தெட்டுக்கு, அம்மா தோளுக்குப் பின்னால் நின்று அவசரப்படுத்த, என் மண்ணச்சியை வலது காலை எடுத்து வைத்து உள்ளே போகச் செய்தேன்.

கோட்டைக் கதவு படாரென்று பூட்டிக்கொண்டது.

ஒருவர் நுழைந்தால் அந்த நேரத்தில் ஒன்லைனில் இருக்கிற குழு முழுவதும் உள்ளே இழுக்கப்படும், பிந்தி வருகிறவருக்குக் கதவு திறக்காது என்று எனக்குத் தெரியும். அம்மாவின் அவசரத்தில் மறந்துவிட்டேன். அன்றைக்குக் கொட்டாஞ்சேனையில் கரண்ட் பிந்தி வந்ததால் ரவுட்டர் அப்போதுதான் உயிர் பெற்றுக்கொண்டிருந்தது. ஒரு நிமிடம் கழித்து ஹெட்போனில் அலறல் கேட்டது.

"என்னக்கா இது! என்னை வெளிய விட்டுட்டுப் போயிட்டீங்களே!"

மூன்று பேரால் முடியாத யானைக்கு முன்னால் அக்காவும் தம்பியும் மட்டும் நின்றோம். அம்பு விட ஆளில்லை என்றால் யானை விழவே விழாது. தம்பிக்கு அது முதல் நிமிடமே தெரியும். ஆனாலும் கேடயத்தைத் தூக்கினான். நான் உயிர் ஏற்றிக்கொண்டே இருந்தேன். "இடப் பக்கம் வாங்கோ அக்கா", "இப்ப ஏத்துங்கோ", "பொறுங்கோ, பொறுங்கோ" என்று அவன் சொல்லச் சொல்லச் செய்தேன். பன்னிரண்டு நாள் பழகியது வீண் போகவில்லை. முன்பு நின்றதைவிட இரண்டு மடங்கு நேரம் நின்றோம். கடைசியில் யானை தும்பிக்கையை வீசியது. என் உயிர் பூச்சியமானது. திரை சாம்பல் நிறமாகி, நடுவில் பத்து என்ற எண் வந்தது.

என்னிடம் ஒரு மந்திரம் மீதி இருந்தது. அதைத் தம்பிக்குப் போட்டேன். அவன் உயிர் நிரம்பியது. நிரம்பிய உயிரோடு அவன் யானைக்கு முதுகைக் காட்டித் திரும்பி, என் மண்ணச்சிக்கு முன்னால் வந்து நின்றான்.

"என்னடா செய்யிறாய்? அங்க பார்!"

"விடுங்கோ அக்கா. அது விழாது."

ஆறு. ஐந்து. ஹெட்போனில் அவனுடைய மூச்சு கேட்டது. இரண்டு மாதமாகத் தொண்டையில் கிடந்தது அப்போதுதான் வந்தது.

"போய்ட்டு வாடா."

நான்கு. மூன்று.

"ஓம் அக்கா" என்றான். இந்த முறை அது கதவுக்கு அப்பாலிருந்துதான் எனக்குக் கேட்டது. "போய்ட்டு வாறன்."

மண்ணச்சி விழுந்தாள். அடுத்த கணமே யானை அவனையும் மிதித்தது. கொட்டாஞ்சேனையிலிருந்து, "என்னாச்சுக்கா? கொன்னுட்டீங்களா?" என்று ஆவலாகக் கேட்டார்.

"இல்லைத் தம்பி, செத்திட்டம்" என்றேன். கண்ணீரோடு எனக்குச் சிரிப்பும் வந்துவிட்டது.

குசினியிலிருந்து அம்மா, "வெண்டாச்சோ?" என்றார். இல்லை என்றதும், "உள்ளுக்க போகேக்க பன்னிரண்டு தாண்டியிருக்கும். உங்கட மணிக்கூடு பிழை" என்று எங்கள் மேலேயே பழியைப் போட்டார். தம்பி அறையை விட்டு வெளியே வந்தான். அன்று மத்தியானம் மூன்று பேரும் மேசையில் இருந்து சாப்பிட்டோம். சம்பல் வேண்டுமா என்று அவனிடம் நானே கேட்டேன்.

இப்போது அவனுக்கு அங்கே படிப்பு முடிந்து வேலை. எங்களுக்கு ஞாயிறு காலை, அவனுக்குச் சனி இரவு. அந்த நேரத்தில் சில வாரம் மூன்று பேரும் சேருவோம். கொட்டாஞ்சேனைத் தம்பி சென்ற வருடம் மனைவியோடு வீட்டுக்கு வந்து அம்மாவின் கையால் சாப்பிட்டுப் போனார். நேரில் பார்த்தபோது குரலுக்குப் பொருத்தமில்லாத மெலிந்த ஆள். கோட்டையை இன்னும் பிடிக்கவில்லை. இப்போது இனத்தை மாற்றும் வசதி கேமில் வந்துவிட்டதாம். "பழைய மயில் சிறகு வேணுமோ அக்கா?" என்று தம்பி சீண்டுவான். வேண்டாம் என்பேன். அந்தக் கட்டைப் பெண்ணுக்கு உயிர் தீர்ந்த பிறகும் சொல்ல வேண்டியதைச் சொல்லப் பத்து வினாடி கிடைக்கிறது. எனக்கு அப்படிக் கிடைக்காது என்று தெரியும். அதனால் இப்போதெல்லாம் எவ்வளவு கோபம் இருந்தாலும், வீட்டை விட்டுப் புறப்படுகிற யாரிடமும் 'போய்ட்டு வா' என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.