படகில் நான் எழுந்து நின்றேன்

எழுந்து நிற்காதே என்று படகோட்டி சொன்னது எனக்குப் புரிந்தது. முதலில் அதை எழுதிவிடுகிறேன். அவர் பேசியது ஒடியா. எனக்கு அதில் ஒரு சொல்லும் தெரியாது. ஆனால் இரண்டு உள்ளங்கைகளையும் கீழ்நோக்கி மெல்ல அழுத்திக் காட்டினார், அழுகிற குழந்தையைப் படுக்கவைக்கிற மாதிரி. அதற்குப் பாஷை எதற்கு? பிற்பாடு யார் கேட்டாலும், மொழி தெரியாத இடம், அதனால் ஆகிவிட்டது என்றே சொல்லி வந்தேன். அது பொய்.

சிலிகா ஏரியின் ஒரு மூலை அது. கடைசி ஊர் முடிந்து, தார்ச்சாலை முடிந்து, மண்பாதையும் கோரைக்குள் நுழைந்து காணாமல் போகிற இடத்தில் நான்கு படகுகள் கட்டிக் கிடந்தன. ஒரு மணி நேரம் கழி போட்டுத் தள்ளிக்கொண்டு போய்ப் பறவைகளைக் காட்டித் திரும்பக் கொண்டுவந்து விடுவார்கள். எனக்குப் புவனேஸ்வரத்தில் ஒரு வாசிப்புக் கூட்டம் இருந்தது. அண்ணனையும் இழுத்துக்கொண்டு போயிருந்தேன். இல்லை, இழுக்கவில்லை. அவரேதான் வந்தார். நான் எங்கேயும் மூன்று நாள் தங்காதவன். அவர் காஞ்சிபுரத்தை விட்டு மூன்று நாள் வெளியே இருந்ததில்லை.

அண்ணன் பட்டுப் புடவைக்கு டிசைன் போடுகிறவர். கட்டம் போட்ட தாளில் ஒரு கட்டத்துக்கு ஓர் இழை என்று கணக்கு வைத்து, பென்சிலால் நிரப்பிக்கொண்டே போவார். அதைக் கணினியில் ஏற்றித் தருகிற கடைகள் இப்போது வந்துவிட்டன என்றாலும் முதல் கோடு அவருடையதுதான். மயில், யாளி, கிளி எல்லாம் போட்டிருக்கிறார். அதிகம் போட்டது அன்னம். மகளுக்கு ஆவணியில் கல்யாணம் என்று முடிவானதும், முகூர்த்தப் புடவையின் கரையைத் தானே போடுவதாகச் சொல்லிவிட்டார். ஒரு நாள் டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து, கிளாஸைப் பார்த்தபடி, யாரிடமோ சொல்வதுபோலச் சொன்னார்.

"நாப்பது வருஷமா நான் போட்ட அன்னம் எல்லாம் நின்னுக்கினே இருக்குதுபா. எம் பொண்ணு புடவையிலயாவது ஒண்ணு எழும்பணும்."

கைபேசியில் பறவை பறக்கிற காட்சிகளை எடுத்துக் காட்டினேன். கிட்டே வைத்துப் பார்த்தார், தள்ளி வைத்துப் பார்த்தார், திருப்பித் தந்துவிட்டார். பறக்கிறது, ஆனால் இதற்கு எடை இல்லை என்றார். தரையை விடும்போது அதன் எடையைக் கால் தள்ளுகிறதா, றெக்கை தூக்குகிறதா என்று தெரிந்தால்தான் கோட்டை எங்கே தடிக்கவிடுவது என்று தெரியுமாம். இல்லாவிட்டால் புடவையில் பறவையை வெட்டி ஒட்டினது மாதிரி இருக்குமாம்.

அப்போதுதான் அந்த ஏரியைப் பற்றிச் சொன்னேன். பனிமலைகளைத் தாண்டிக் குளிர்காலத்துக்கு அங்கே வருகிற வாத்து ஒன்று உண்டு. வெள்ளைத் தலை, பின்தலையில் இரண்டு கறுப்புப் பட்டை. பழைய சிற்பங்களில் அன்னம் என்று செதுக்கியது இதைத்தான் என்று சொல்கிறவர்களும் இருக்கிறார்கள். அண்ணன் மறுநாள் போய் ஒரு குரங்குக் குல்லாவும் புது பென்சில்களும் வாங்கிவந்தார்.

ரயிலில் போகும்போது அவர் நல்ல குஷியில் இருந்தார். என் புத்தகம் ஒன்றை மடியில் வைத்துப் புரட்டிவிட்டு, "நீ எழுதறதுல பறவையா பறந்துக்கினு இருக்குது. ஒண்ணாவது எங்கயாச்சும் உக்காருதா?" என்றார். எதிர் இருக்கைக்காரர், தமிழ் தெரியாதவர், அவர் சிரிப்பதைப் பார்த்துத் தானும் சிரித்தார்.

தை மாதக் காலை. தண்ணீரின் மேல் பனி, பால் காய்ச்சும்போது எழுகிற ஆவி அளவுக்கு. படகில் இரண்டே பலகைகள், முன்னால் ஒன்று, பின்னால் ஒன்று. நான் முதலில் ஏறி முன்பலகையில் உட்கார்ந்துகொண்டேன். நீ முன்னால் உட்காருகிறாயா என்று நான் கேட்கவில்லை. நான் உட்காரட்டுமா என்று அவரும் கேட்கவில்லை. எங்கள் இருவருக்கும் இடம் எப்போதோ நிச்சயமாகியிருந்தது.

நாங்கள் சிவன் கோயில் குடும்பம். ஆனாலும் வைகாசியில் வரதர் கருட சேவைக்கு எங்கள் ஊரில் வீட்டுக்குள் படுத்திருக்கிறவர் யார்? எனக்கு ஆறு வயது, அண்ணனுக்குப் பதினான்கு. விடியும் முன்பே ஜனம் தெருவை அடைத்திருக்கும். அண்ணன் என்னைத் தூக்கித் தோளில் வைத்துக்கொள்வார். பார்ப்பது நான், கேட்பது அவர். குடை தெரியுது என்பேன். எத்தினி குடை என்பார். கருடன் றெக்கை விரிந்திருக்கிறதா, கை எப்படி ஏந்தியிருக்கிறது, மாலை எந்தப் பூ என்று என் கால்களுக்கு நடுவிலிருந்து கேள்வி வந்துகொண்டே இருக்கும். நான் சொல்லச் சொல்ல அவர் மனசுக்குள் வரைந்துகொள்வார். வீட்டுக்கு வந்ததும் கரித்துண்டு எடுத்துப் புழக்கடைச் சுவரில் போட்டுவிடுவார். அவர் போட்ட முதல் கருடனுக்கு மூக்கு இல்லை. நான் சொல்ல மறந்துவிட்டேன். சொல்லாததை அவர் போடவில்லை.

கோரை விலகி வெளி விரிந்தது. படகோட்டி கழியை நிறுத்திவிட்டார். படகு தானே நகர்ந்தது. முப்பது அடி தள்ளி ஒரு சேற்றுத் திட்டு, அதன் மேல் அவை. ஏழோ எட்டோ. தலையைத் தோளில் செருகிக்கொண்டு தூங்கின சில. ஒன்று மட்டும் விழித்திருந்து எங்களைப் பார்த்தது, அந்த இரண்டு பட்டைகள் அவ்வளவு தெளிவாக. படகோட்டி உள்ளங்கைகளை அழுத்திக் காட்டினார். பிறகு மெதுவாக ஒரு சொல் சொன்னார், ஹன்ஸ, நம் அன்னம். எனக்குப் பின்னால் அண்ணன் மூச்சை இழுத்துப் பிடித்ததைக் கேட்டேன்.

நான் எழுந்து நின்றேன்.

ஏன் என்று இந்த எட்டு மாதமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். கும்பல் இல்லை, தெரு இல்லை, முன்னால் யாரும் மறைக்கவும் இல்லை. அண்ணன் உட்கார்ந்த இடத்திலிருந்தே எல்லாம் தெரிந்திருக்கும். ஆனால் எங்கள் ஊர்க்காரன் உடம்பு, பெரிதாக ஒன்று எதிரில் வந்தால் எழும்பும், எம்பும், இரண்டு கையும் தலைக்கு மேலே போகும். என் கையும் போனது. வாயும் திறந்துகொண்டது. தெரியுதுண்ணா, தெரியுது என்று நான் சொல்லத் தொடங்கியதும் படகு ஆடியது. திட்டு முழுக்க ஒரே நேரத்தில் விழித்தது. தண்ணீர் கிழிபடுகிற சத்தம், றெக்கைச் சத்தம், என் குரல். அவை என் தலைக்கு நேராக மேலேறி, வளைந்து, வெயில் பக்கமாகப் போய்விட்டன. நான் திரும்பித் திரும்பி, கையை நீட்டி நீட்டிச் சொல்லிக்கொண்டே இருந்தேன். என்ன சொன்னேன் என்று எனக்கு நினைவில்லை. நல்ல வரிகளாகத்தான் இருந்திருக்கும்.

படகோட்டி மிச்ச நேரம் முழுக்கக் கொக்குகளைக் காட்டினார்.

திரும்பும் ரயிலில் அண்ணன் கட்டத்தாளை மடியில் விரித்தார். பென்சிலைச் சீவினார். முகத்தில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் எனக்கு இலேசாக இருந்திருக்கும்.

"சரி, நீ பார்த்தல்ல. சொல்லு, போட்டுக்கறேன்."

வானம் தன் மடிப்பைத் தானே பிரித்துக்கொண்ட மாதிரி இருந்தது என்றேன். பென்சில் நகரவில்லை. ஒரு பெருமூச்சுக்கு உடம்பு வந்தால் எப்படி எழும்புமோ அப்படி என்றேன். அவர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு ஒவ்வொன்றாகக் கேட்டார். கழுத்து முதலில் நீண்டதா, றெக்கை முதலில் விரிந்ததா? கால் பின்னால் போனதா, வயிற்றோடு மடங்கியதா? முதல் அடிப்பில் றெக்கை தண்ணீரைத் தொட்டதா?

எனக்கு ஒன்றும் தெரியவில்லை. ஆறு வயதில் மாலை எந்தப் பூ என்று கேட்டால் சொன்னவன் நான். ஐம்பதில், எதிரே எழும்பிய பறவையின் கால் எங்கே இருந்தது என்று கேட்டால், என்னிடம் ஓர் உவமைதான் இருந்தது.

"நீ எதுவுமே பார்க்கலியாண்ணா?" என்று கேட்டேன்.

அவர் தாளைப் பார்த்தபடியே சொன்னார்.

"காலு மட்டும் பார்த்தேன். தண்ணிமேல நாலு எட்டு ஓடிச்சு. அப்புறம் நீ."

பிறகு என்ன நினைத்தாரோ, தாளில் மளமளவென்று எதையோ போட்டு என் பக்கம் திருப்பினார். ஒரு முதுகு. சட்டை மேலே இழுபட்டு விழுந்த மடிப்பு, மேலே தூக்கிய இரண்டு கைகள், எல்லாம் கட்டத்துக்குள் சரியாக அடங்கியிருந்தன. "இத புடவை உடம்புல புட்டாவா போட்டா எடுபடுமா?" என்று கேட்டார். இரண்டு பேரும் சிரித்தோம். எதிர் இருக்கையில் இந்த முறை யாரும் இல்லை.

திருநெல்வேலிப் பக்கத்துக் குளம் ஒன்றுக்கும் அதே வாத்துகள் வருவதாக மாசியில் ஒரு நண்பர் சொன்னார். உடனே ஓடிப்போய் அண்ணனிடம் சொன்னேன், இந்த வாரமே கிளம்பலாம் என்றேன். பங்குனி பிறப்பதற்குள் டிசைன் தறிக்குப் போயாக வேண்டும், எனக்கும் தலைக்கு மேல் வேலை என்றார். "நீ போய்ட்டு வா, வந்து சொல்லு" என்று சொல்லவந்தவர், பாதியில் நிறுத்திக்கொண்டார். அதைச் சொல்லிமுடித்திருந்தாலே தேவலை.

சரி, அந்த நாலு எட்டையாவது போடேன் என்று ஒரு தடவை கேட்டேன். காலை மட்டும் வைத்துக்கொண்டு மேலே நானாக ஒரு பறவையைக் கட்ட முடியாது, பார்த்ததுதான் வரும் என்றார். கருடனுக்கு மூக்கு வைக்காதவர். மாறவில்லை.

ஆவணியில் கல்யாணம். மண்டபத்தில் நான் மூன்றாவது வரிசையில் இருந்தேன். காலையில் மணப்பெண் அறை வாசலில் அண்ணன் மகள் என்னைப் பிடித்துக்கொண்டு, கரையை விரித்துக் காட்டி, "சித்தப்பா, அப்பா போட்டது. எப்படி இருக்குது, சொல்லுங்க" என்றாள். நல்லா இருக்குதுமா என்றேன். "இவ்ளோ எழுதறீங்க, இதுக்கு இவ்ளோதானா?" என்று என்னைக் கேலி செய்துவிட்டு ஓடினாள்.

கெட்டிமேளம் கொட்டியதும் முன்னால் இருந்தவர்கள் எல்லாரும் எழுந்துவிட்டார்கள். கைகள் மேலே போயின, அட்சதையோடும் கைபேசியோடும். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அத்தை என் முழங்கையைப் பிடித்து உலுக்கினார். "எழுந்து பாருப்பா, தாலி கட்றாங்க."

நான் எழவில்லை. எதிரே முதுகுகள். பட்டுச் சட்டை முதுகு, ஈரத்தலைமுடி விழுந்து நனைந்த முதுகு, மேலே ஒரு குழந்தையைத் தாங்கிக்கொண்டிருந்த முதுகு. அண்ணன் மேடையில் எங்கோ இருந்தார். அவர் முகம் தெரியவில்லை. நின்றவர்களின் கால்களுக்கு நடுவே ஒரு சாண் இடைவெளி கிடைத்தது. அதன் வழியே மணையில் படிந்து கிடந்த புடவைக் கரை மட்டும் தெரிந்தது. சரிகை அன்னங்கள். ஒன்றன் பின் ஒன்றாக, கழுத்தை வளைத்துக்கொண்டு, இரண்டு காலையும் தரையில் ஊன்றி, நின்றுகொண்டிருந்தன.