ஏழுமலையின் நாலு விநாடி

முப்பது வருஷமாகச் சோதனைப் படங்கள் எடுக்கிறேன். கதை இருக்காது, பாட்டு இருக்காது. பாதிப் பேர் நடுவிலேயே எழுந்து போய்விடுவார்கள். அதெல்லாம் எனக்குப் பழகிப்போனது. நெம்மேலியில் ஒருத்தி எழுந்து போகாமல் நின்றாள். அன்றைக்குத்தான் ஆடிப்போனேன்.

1. ஊசி

நெம்மேலிக் கரையில் வலை பின்னுகிறவர்களைச் சூப்பர் எட்டு என்கிற சின்ன ஃபிலிம் கேமராவில் எடுத்திருந்தேன். ரிவர்சல் ஃபிலிம். அதில் நெகட்டிவ் கிடையாது. கேமராவில் ஓடிய சுருளைக் கழுவி அதையேதான் புரொஜெக்டரிலும் ஓட்டுவோம். செங்கல்பட்டு வீட்டில் உட்கார்ந்து, ஃபிரேம் ஃபிரேமாக எல்லோருடைய முகத்தையும் ஊசியால் சுரண்டினேன். உழைப்பு என்றால் கைதான், முகம் எதற்கு என்று ஒரு தத்துவம் வேறு! மூன்று மாத வேலை. அதற்கு முன் ஒரு காப்பி போட்டு வைக்கவில்லை. ஒரிஜினலிலேயே கை வைப்பதுதான் எங்கள் ஆட்களுக்குப் பெருமை.

2. சமுதாயக் கூடம்

எடுத்த ஊரில்தான் முதலில் போட்டுக் காட்டுவேன். கூடத்து ஜன்னல்களைத் தார்ப்பாயால் மூடி, மத்தியானம் ஓட்டினேன். படம் ஓட ஆரம்பித்த பிறகுதான் பக்கத்தில் இருந்தவர் சொன்னார். முன்வரிசையில் இருக்கும் செல்வியின் புருஷன் ஏழுமலை, படகு கவிழ்ந்து இறந்து ஏழு மாதம் ஆகிறதாம். அவருடைய வீடியோ எல்லாம் போனோடு கடலில் போய்விட்டது. வீட்டில் மிச்சம் ஆதார் அட்டைப் படம்தான்.

படத்தை நிறுத்த எழுந்தேன். அதற்குள் திரையில் ஏழுமலையின் கட்டம் போட்ட சட்டை வந்துவிட்டது. கை வந்தது. கழுத்துக்கு மேலே வெள்ளைக் கீறல்கள் துள்ளின. செல்வி எழுந்து நின்றாள்.

"யக்கா, மூஞ்சி எங்க? மிஷினு ரிப்பேராயிடிச்சா?"

"இல்ல செல்வி. நான்தான் ஊசியால சுரண்டினேன்."

"இன்னாத்துக்கு? அவரு உன்ன இன்னா பண்ணாரு?"

இருட்டில் எனக்கு சுவிட்ச் அகப்படவில்லை. கலை என்று வாயெடுக்கவே வெட்கமாக இருந்தது.

3. பிஸ்கட் டின்

வேண்டாமென்று வெட்டிய துண்டுகளை ஒரு பிஸ்கட் டின்னில் போடுவேன். வீட்டுக்கு வந்ததும் அதைத் தரையில் கொட்டினேன். ஏழுமலை ஒரு தடவை கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட்டார், ஷாட் போச்சு என்று திட்டிக்கொண்டே வெட்டியது ஞாபகம் இருந்தது. இரண்டு நாள் தேடினேன். கிடைத்தது. நாலே விநாடி.

இந்தத் தடவை முதலில் காப்பி எடுத்தேன். செல்வி வீட்டுச் சுவரில் அதைத் திரும்பத் திரும்ப ஓட்டினேன். ஏழுமலை சிரித்துக்கொண்டே இருந்தார்.

"பல்லு தெரிய சிரிக்கவே மாட்டாரு. உன்னப் பாத்து சிரிச்சிருக்காரு பாரு" என்றாள்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. ஒரிஜினல் துண்டை அவளிடமே கொடுத்தேன். ஆதார் அட்டை இருந்த கவரிலேயே அதையும் போட்டுக்கொண்டு, என் தோள்பையைப் பார்த்தாள்.

"அந்த ஊசி இன்னும் உங்கிட்டதான் இருக்குதா?"

இருந்தது. இப்போதும் இருக்கிறது. ஆனால் காப்பி போடாமலும், முகத்துக்குச் சொந்தக்காரரைக் கேட்காமலும் அதை வெளியே எடுப்பதில்லை.